கமென்ட்ரியே இல்லாம டாக்குமென்டரி எடுக்கணுமா? நிக்கோலா ஃபிலிபேர் கிட்ட இருந்து ஆரம்பிங்க

டாக்குமென்டரின்னாலே மொதல்ல வாய்ஸ் ஓவர் எழுத உக்காந்துடறோம்ல, அந்தப் பழக்கத்த விடணும்னா ஃபிலிபேர் படம் ஒண்ணு பாத்துட்டு வாங்க. பிரெஞ்சு டாக்குமென்டரி டைரக்டர், 1951ல நான்சில பொறந்தவரு, படிச்சது தத்துவம், அசிஸ்டன்ட் டைரக்டரா இருந்துட்டு தனியா வந்தவரு. அவர் படம் எடுத்த எடங்கள்ல சிலது: 1990ல லூவ்ர் மியூசியம், 2002ல பிரான்ஸ்ல ஓவெர்ன் பக்கம் ஒரே கிளாஸ்ரூம் உள்ள கிராமத்துப் பள்ளிக்கூடம், 2023ல செய்ன் ஆத்துல மிதக்கற மனநல மையம், இந்த 2023 படத்துக்குத்தான் பெர்லின் பட விழாவோட மொத பரிசு, தங்கக் கரடி.

ஆனா கத்துக்க நான் சொல்றது அவரோட 'நெனெத்'ங்கற படம். பாரிஸ் மிருகக்காட்சி சாலைல கண்ணாடிக்குப் பின்னாடி இருக்கற வயசான ஒராங்குட்டான், கேமரா கடைசி வரைக்கும் அது பக்கம்தான், பாக்க வந்த ஜனங்க, அத பாத்துக்கறவங்க இவங்க குரல் மட்டும் கேக்கும். சோகமா இருக்கு பாரு, போரடிக்குது போலன்னு ஆளாளுக்கு சொல்ல சொல்ல, அவங்கவங்க கதையத்தான் அது மூஞ்சில படிக்கறாங்கன்னு நமக்கே புரியும், யாரும் விளக்க வேண்டாம்.

இதையே நீங்க செஞ்சு பாருங்க. ஆளுங்க வந்து போற ஒரு எடம், பர்மிஷன் வாங்கிட்டு கேமராவ ஸ்டாண்ட்ல எல்லாருக்கும் தெரியற மாதிரி வைங்க (ஒளிச்சு வச்சா அது வேவு பாக்கறது), பத்து நிமிஷம் ஜூமும் வேண்டாம் பேனும் (கேமராவ பக்கவாட்டுல திருப்பறது) வேண்டாம். நான் மொத தடவ மூணாவது நிமிஷமே கை வச்சு திருப்பிட்டேன், சரியா அப்பதான் விட்ட பக்கத்துல ஒரு நல்ல சண்ட ஆரம்பிச்சுது.

சவுண்ட தனி மைக்ல எடுங்க, இதுல கஞ்சத்தனம் பண்ணாதீங்க, படத்துல பாதி அதுதான்.

அப்புறம் உதவப் போகாதீங்க. பள்ளிக்கூடப் படத்துல ரெண்டு வாண்டுங்க ஜெராக்ஸ் மெஷின்ல ஒரு புக்க வச்சு காப்பி எடுக்கப் பாடுபடும், கேமரா அசராம நிக்கும். பேசாம ஒருத்தர் போய் மூடிய அமுக்கியிருந்தா அந்த சீனே இல்ல.

கடைசியா, சம்மதத்த எழுத்துல வாங்கிக்கோங்க. அந்தப் பள்ளிக்கூடப் படம் சக்கைப்போடு போட்டதும் அதுல வர்ற வாத்தியார் பணம் கேட்டு கோர்ட்டுக்குப் போனாரு, கேஸ் நிக்கல, ஆனாலும் அத்தன மாசம் கூடவே இருந்து எடுத்துட்டு அப்புறம் கோர்ட்ல பாத்துக்கறது யாருக்கு வேணும்.