கரடி ரோமமும் கடல்காற்றும்

உவரியில் மீனவர் வாழ்க்கையைப் படம்பிடிக்கப் போனது ஆனி மாதம். பெரியவர் ஒருவர் வலைக் கிழிசலைத் தைத்தபடியே அரைமணி நேரம் பேசினார். ராத்திரி ஹெட்போனில் கேட்டால் படபடவென்று காற்றுதான்; பேச்சு அடியில் புதைந்து கிடந்தது. எடிட்டிங்கில் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள அடித்தொனி ஒலிகளை வெட்டிப் பார்த்தேன். இரைச்சல் கொஞ்சம் அடங்கியது. ஒலியின் லெவல் மைக் தாங்கும் எல்லையைத் தாண்டி எகிறிக் கிழிந்த இடங்கள் தேறவே இல்லை.

திசையன்விளையில் அக்கா வீடு. அவள் மகளின் பொம்மைக் கரடியைக் கிழித்து (இன்னும் என்னோடு பேசமாட்டாள்) ரோம உறை தைத்து, மைக்கின் ஸ்பாஞ்சுக்கு மேலேயே மாட்டினேன். மைக்கைத் தொடுமுன்பே காற்றின் வேகத்தை ரோமம் உடைத்துவிடும். பெரியவரைப் படகு மறைவில் உட்காரவைத்தேன்.

"நேத்துச் சொன்னதையே திருப்பிச் சொல்லணுமாக்கும் தம்பி?"

இந்தமுறை அவர் இருமல்கூடத் துல்லியமாக விழுந்தது.