கொய்சகம்: சேலை மடிப்பின் பழைய பெயரைக் கையாலேயே படிப்போம்

வாணி விழா (சரஸ்வதி பூசை) அன்று எங்கள் லயத்தில், அதாவது தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளில், விடியக்காலை நாலரைக்கே விளக்கு எரியும். தரம் பத்து, பதினொன்று படிக்கிற பிள்ளைகள் பலர் முதன்முதலாகச் சேலை கட்டிக்கொண்டு பாடசாலைக்குப் போகும் நாள் அது. நாலைந்து பேர் அம்மாவின் சேலையை நெஞ்சோடு அணைத்துப் பிடித்துக்கொண்டு, பனியில் நடுங்கிக்கொண்டே என் காம்பராவுக்கு வந்துவிடுவார்கள். "அக்கா, ப்ளீட் எடுத்து விடுங்க."

போன வருஷம் அதில் ஒருத்தி கேட்டாள்: "ப்ளீட்டுக்குத் தமிழ்ல என்னாக்கா?"

நான் வாயைத் திறக்கும் முன்னே இஸ்தோப்பில் (முன்திண்ணையில்) உட்கார்ந்திருந்த அம்மாயி சொன்னார்: "கொசுவம், புள்ள." பிள்ளைகளுக்கு உதவ வந்திருந்த யாழ்ப்பாணத்து டீச்சர், "நாங்கள் கொய்யகம் எண்டுதான் சொல்லுவம்" என்றார். அகராதியை எடுத்துப் பார்த்தால் கொய்சகம் என்று இருக்கிறது. ஒரே மடிப்புக்கு மூன்று பெயர். அந்தப் பிள்ளைக்கு அன்று காலையில் சொல்லிக்கொடுத்ததைத்தான் இங்கே கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன். சேலை கட்டத் தெரியாதவர்களும், சொற்களில் ஆசை இருக்கிற ஆண்களும்கூடச் செய்து பார்க்கலாம். ஒரு துவாய் போதும்.

படி 1: மூன்றையும் ஒரு குடும்பமாகப் பாருங்கள்

கொய்சகம், கொய்யகம், கொசுவம். மூன்றும் குறிப்பது ஒன்றைத்தான்: சேலை உடுத்தும்போது துணியை விசிறிபோல அடுக்கடுக்காக மடித்து இடுப்பில் சொருகுகிறோமே, அந்த மடிப்புத் தொகுதி. கொய்சகம் ஏட்டுச் சொல். கொய்யகம் வடக்கில் இன்றும் வீட்டுப் பேச்சில் இருக்கிறது. கொசுவம் நம் தோட்டங்களில் பாட்டிமார் சொல்வது, தமிழ்நாட்டுக் கிராமங்களிலும் அதுதான். (கொசுவுக்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா என்று ஒரு பிள்ளை கேட்டாள். இல்லை.)

எதைச் சொன்னாலும் பிழையில்லை. ஆனால் பேச்சில் 'கொய்சகம்' என்று வலிந்து சொல்ல வேண்டாம். கதையோ கட்டுரையோ எழுதும்போது அது பொருந்தும். வீட்டில் அம்மாயியிடம் பேசும்போது கொசுவம்தான் அழகு.

படி 2: உள்ளே இருக்கும் வினையைப் பிடியுங்கள்

கொய்சகத்துக்குள் 'கொய்' என்ற வினை இருக்கிறது. கொய்தான், கொய்கிறான், கொய்வான் என்று வரும். எச்சம் கொய்து, தொழிற்பெயர் கொய்தல்.

மலையகத்துக்காரருக்கு இதைச் சொல்லித்தரவே வேண்டாம் என்று தோன்றும். கொழுந்து கொய்தல் என்று பாடப் புத்தகத்தில் படித்திருப்போம். மலையில் நிற்கும்போது யாரும் அப்படிச் சொல்வதில்லை; கொழுந்து எடுக்கிறோம், பறிக்கிறோம் என்போம். ஆனால் எழுத்தில் கொய்தல் என்றதும் நம் கண்ணுக்கு முன் வருவது தேயிலைச் செடிதான்.

சொல் தேயிலையைவிட மிகவும் மூத்தது. இலங்கைத் தேயிலைத் தொழிலைத் தொடங்கிவைத்த ஜேம்ஸ் டெய்லர், கண்டிப் பக்கத்து லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டது 1867ஆம் ஆண்டில். சங்கப் பாடல்களிலோ குறிஞ்சி நிலத்துக்காரர் தினை கொய்கிறார்கள். அதுவும் மலைநாடு, அதுவும் கதிரைக் கையால் எடுக்கும் வேலை. எனக்கு இதை நினைக்கிறபோதெல்லாம் மனசு நிறைந்துவிடும்.

இந்த வினைக்கு இரண்டு முகம். ஒன்று, பறித்தல் அல்லது அறுத்தல். மற்றது, துணியைச் சேர்த்துச் சேர்த்து மடித்தல். கொய்சகம் பிறந்தது இரண்டாவதிலிருந்து. 'சேலையைக் கொய்து உடுத்தினாள்' என்றால் சேலையை வெட்டினாள் என்று அர்த்தமில்லை. மடிப்பு வைத்துக் கட்டினாள் என்று அர்த்தம்.

படி 3: எதைக் கொய்கிறோம் என்று கேளுங்கள்

இந்தச் சொல்லில் தொடக்கக்காரர் தடுக்கி விழும் இடம் இதுதான், அதனால் கொஞ்சம் நின்று போவோம்.

பூவைக் கொய்தாள்: பறித்தாள். தினையைக் கொய்தாள்: அறுத்தாள். தலையைக் கொய்தான்: வெட்டினான். சேலையைக் கொய்தாள்: மடிப்பு வைத்தாள். வினை மாறவில்லை, கைக்குள் இருக்கும் பொருள்தான் மாறுகிறது.

அப்படியானால் கூந்தலைக் கொய்தாள் என்றால்? துணியை மடிப்பதுபோல முடியையும் மடித்துப் பின்னினாள் என்று நினைக்கத் தோன்றும். அப்படி இல்லை. முடியோடு சேர்ந்தால் கொய்தல் கத்தரிப்பதையே குறிக்கும். சங்கப் பாடல்களில் 'கொய்சுவல் புரவி' என்று ஒரு தொடர் வரும். சுவல் என்றால் பிடரி மயிர், புரவி குதிரை. பிடரி மயிரைக் கத்தரித்துச் சீராக்கிய குதிரை அது, பின்னல் போட்ட குதிரை அல்ல. ஆகவே கதை எழுதும்போது 'தாய் மகளின் கூந்தலைக் கொய்தாள்' என்று எழுதிவிடாதீர்கள். படிப்பவர் திடுக்கிட்டுப்போவார்.

துணிக்குக் கொய்தல், முடிக்குப் பின்னுதல். சரி, இனிக் கையில் எடுப்போம்.

படி 4: துவாயில் ஒரு தடவை, சேலையில் ஒரு தடவை

துவாயை மேசையில் நீளவாக்கில் விரியுங்கள். ஓரத்தைக் கட்டைவிரலாலும் ஆட்காட்டி விரலாலும் பிடியுங்கள். மற்றக் கையால் துணியை அஞ்சு அங்குலம் முன்னே கொண்டுபோய், அதே அளவு திரும்பக் கொண்டுவந்து அந்த இரண்டு விரலுக்குள் கொடுங்கள். ஒரு மடிப்பு ஆயிற்று. இப்படியே நாலு மடிப்பு. கையைத் தூக்கிப் பார்த்தால் விசிறி தெரியும்.

நான் சின்ன வயதில் இதைச் செய்தபோது ஐந்து விரலாலும் துணியை அள்ளிப் பிடிப்பேன். மடிப்பெல்லாம் கசங்கிப்போகும். அம்மாயி என் கையைத் தட்டிவிட்டு, "கொழுந்து கிள்ளுற மாதிரி புடி. அரும்பு நசுங்கக் கூடாது, நழுவவும் கூடாது" என்றார். முப்பது வருஷம் மலைக்குப் போன கை அது. கட்டைவிரல் நகத்தோரம் கறை ஏறிக் கறுத்திருக்கும். இரண்டு இலையும் ஒரு அரும்பும் எடுக்கிற அதே இரண்டு விரல்தான் மடிப்பையும் பிடித்தது. கொய் என்ற சொல்லுக்கு இரண்டு முகம் ஏன் என்று எனக்கு யாரும் விளக்கத் தேவைப்படவில்லை, அந்தக் கையைப் பார்த்தது போதுமாக இருந்தது.

இப்போது சேலை. உள்பாவாடையை இறுக்கிக் கட்டி, சேலையின் வெறும் முனையை வலப்பக்க இடுப்பில் சொருகி, ஒரு சுற்று சுற்றி முன்னால் வாருங்கள். சேலையின் அடிவிளிம்பு தரையைத் தொட்டும் தொடாமலும் இருக்கட்டும். செருப்புப் போட்டுக்கொண்டே கட்டினால் உயரம் சரியாக வரும். அப்புறம் மறுமுனையைப் பின்பக்கமாகச் சுற்றிக் கொண்டுவந்து இடத்தோளில் போட்டு, முந்தானையின் நீளத்தைப் பார்த்து ஊக்குக் குத்துங்கள். முன்னால் தொளதொளவென்று மிச்சமாகத் தொங்கும் துணி இருக்கிறதே, அதைத்தான் கொய்ய வேண்டும்.

எத்தனை மடிப்பு என்பதற்கு ஒரு கணக்கு. அஞ்சு அங்குல மடிப்பு ஒன்றுக்குப் போகவும் வரவுமாகப் பத்து அங்குலத் துணி வேண்டும். ஆறு மடிப்பு வைத்தால் 60 அங்குலம், அதாவது 5 அடி. சேலை வழக்கமாக ஐந்தரை மீட்டர், சுமார் 216 அங்குலம். இடுப்பைச் சுற்றியதும் முந்தானையும் போக இந்த 5 அடி பெரும்பாலும் மிஞ்சும். மெலிந்த பிள்ளைக்கு ஏழு மடிப்பு வரும், உடம்பு உள்ளவருக்கு ஐந்து. துணி போதவில்லையென்று மடிப்பின் அகலத்தைக் குறைக்காதீர்கள், எண்ணிக்கையைக் குறையுங்கள். சின்னச் சின்ன மடிப்பு நடக்கும்போது கலைந்துவிடும்.

மடிப்புகளின் வாய் இடப்பக்கம் பார்த்திருக்க வேண்டும். எல்லாவற்றையும் மேலே ஒன்றாகப் பிடித்து ஒரு உதறு உதறினால் கீழே அடுக்கு நேராகும். ஒருவர் கீழே உட்கார்ந்து மடிப்பை இழுத்துவிட்டால் இன்னும் நல்லது. மேலே ஒரு ஊக்கு, அப்படியே தொப்புளுக்குக் கீழே சொருகல். இந்தச் செயலைச் சொல்ல 'கொசுவம் சொருகினாள்' என்பது போதும்.

இதில் பின்கொசுவம் என்று ஒரு வகை உண்டு. மடிப்பை முதுகுப்பக்கம் வைத்துச் சொருகுவது. அம்மாயி கடைசிவரை மலைக்கு அப்படித்தான் கட்டிப் போனார். முன்னால் படங்கு (தடித்த மேற்சீலை) கட்ட வேண்டும், அதற்கடியில் கொசுவம் புடைத்து நின்றால் செடிக்குள் நுழைய முடியாது என்பார். கண்டி, நுவரெலியா பஸ்களில் ஒசரி என்னும் கண்டியச் சேலை கட்டிய சிங்கள அக்காமாரைக் கவனித்திருப்பீர்கள். இடுப்பைச் சுற்றி வெளியே சிலிர்த்து நிற்கும் அவர்கள் மடிப்புக்கு நெரிய என்று பெயர். அதைக் கொசுவம் என்று எழுதாமல் அவர்கள் சொல்லாலேயே எழுதுவதுதான் சரி.

படி 5: இனி முடி

சேலை கட்டி முடிந்ததும் பிள்ளையை முக்காலியில் உட்காரவைத்துத் தலை பின்னுவோம். இங்கே சொற்கள் வேறு. பின்னலில் ஒவ்வொரு பிரிவுக்கும் பெயர் 'கால்'. சாதாரணப் பின்னல் மூன்று கால். வலக்காலை நடுக்காலுக்கு மேலே போடுங்கள், இப்போது அது நடுவுக்கு வந்துவிட்டது. அடுத்து இடக்காலை அதன் மேலே. இப்படி மாறி மாறி. நாலு காலிலும் பின்னலாம். பல கால் வைத்து நுணுக்கமாகப் பின்னுவதை ஆயிரங்கால் சடை என்பார்கள். ஆயிரம் என்பது பெயருக்குத்தான்.

கொய்தலுக்கும் பின்னுதலுக்கும் உள்ள வித்தியாசம் கைக்கு உடனே புரியும். கொய்யும்போது ஒரே துணி தன்மேலேயே மடிந்து அடுக்காகிறது. ஊக்கைக் கழற்றினால் மீண்டும் விரிந்துவிடும். பின்னும்போது இழைகள் ஒன்றை ஒன்று தாண்டிக் கோத்துக்கொள்கின்றன. அதனால்தான் நுவரெலியாக் குளிருக்குப் போடும் ஸ்வெட்டரையும் பின்னுகிறோம், கிடுகையும் பின்னுகிறோம். கொழுந்துக் கூடைக்கு முடைதல், கயிற்றுக்குத் திரித்தல், சேலைக்கே நெய்தல். ஒருவர் நன்றாக ஆடினாலோ பாடினாலோ "பின்னிட்டா!" என்கிறோமே, அது இந்தப் பின்னுதல்தான்.

படி 6: எழுதிப் பாருங்கள்

கொய்சகம் பெரும்பாலும் வைத்தல், பிடித்தல், சொருகுதல், கலைதல் ஆகிய வினைகளோடு வரும். இப்படி:

"படியேறும்போது கொய்சகம் காலில் தட்டுப்பட்டது."
"அவள் கொய்யகத்தை ஒரு கையால் தூக்கிப் பிடித்தபடி ஓடையைத் தாண்டினாள்."
"கொசுவம் கலஞ்சிருச்சு, ஒரு ஊக்கு குடு."

மூன்றாவது வாக்கியத்தில் 'கொய்சகம் கலஞ்சிருச்சு' என்று போட்டுப் பாருங்கள், காதில் இடறும். பேச்சு வாக்கியத்துக்குப் பேச்சு வடிவம்தான் ஒட்டும்.

தையலில் போட்ட மடிப்புக்கு இந்தச் சொல்லைப் பயன்படுத்தாதீர்கள். பாடசாலைச் சீருடையில் இருப்பது மடிப்பு. பாவாடையின் இடுப்பில் நூல் கோத்து இழுத்தது சுருக்கு. உடுத்தும்போது கையால் வைத்து, அவிழ்க்கும்போது இல்லாமல்போவதே கொய்சகம்.

கேள்வி கேட்ட அந்தப் பிள்ளை அன்று மாலை விழா முடிந்து வந்தாள். நெற்றியில் திருநீறு, கையில் அவலும் கடலையும் சுற்றிய காகிதம். சேலையின் அடிவிளிம்பில் சேறு. நேரே அம்மாயியிடம் போய் நின்று, "அம்மாயி, கொசுவம் கலையவே இல்ல பாருங்க" என்றாள். அம்மாயி இரண்டு விரலால் மேல் மடிப்பைத் தொட்டுப் பார்த்துவிட்டு, காகிதத்திலிருந்து ஒரு கடலையை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.