மர ஷோகேஸில் புலிச்சோழியை வைக்காதீர்கள்

ராமேஸ்வரத்தில் வாங்கி மலையேற்றிக் கொண்டுவரும் புலிச்சோழிக்கு (புள்ளிகள் நிறைந்த பெரிய கடல்நத்தை ஓடு) நீலகிரியில் வாய்க்கும் இடம் பெரும்பாலும் வரவேற்பறையின் மர ஷோகேஸ்தான். குன்னூரில் எங்கள் வீட்டிலும் தலையாட்டிப் பொம்மைக்குப் பக்கத்தில் அதை வைத்துக் கண்ணாடிக் கதவைப் பூட்டினேன். இரண்டு மழைக்காலம் போனது. பீங்கான் போல மின்னிய முதுகில் மாவு தூவியதுபோல் வெள்ளைப் பொடி. பூஞ்சணம் என்று நினைத்து, வினிகரில் நனைத்த துணியால் துடைத்தேன்.

அதைவிடப் பெரிய தவறு இல்லை. சோழி ஓடு கால்சியம் கார்பனேட். சுண்ணாம்புக் கல்லின் இனம். அமிலம் பட்டால் கரையும். மரப்பலகையும் பிளைவுட்டும் அட்டைப்பெட்டியும் அசிட்டிக், ஃபார்மிக் அமிலங்களை ஆவியாக மெல்லக் கசியவிடுகின்றன. காற்றில் ஈரம் மிகுந்தால் அந்த ஆவி ஓட்டை அரித்து உப்பாக மாற்றுகிறது. வெள்ளைப் பொடி அந்த உப்புதான். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் இதை விவரித்த இங்கிலாந்துக்காரர் லோஃப்டஸ் பைன், பாக்டீரியாதான் காரணம் என்று எண்ணினார். காரணம் தவறிப்போனாலும் 'பைன் நோய்' என்ற பெயர் நிலைத்துவிட்டது (ஊட்டி பைன் மரங்களுக்கு இதில் பங்கில்லை). வினிகரும் அசிட்டிக் அமிலம்தான். எரிகிற கொள்ளியில் நானே எண்ணெய் ஊற்றியிருக்கிறேன்.

பனி உள்ளே வரக் கூடாதென்று கதவை இறுக மூடுகிறோமே, அதுவும் தவறு. மரத்தின் ஆவி வெளியேற வழியின்றி உள்ளேயே சேர்கிறது. "தோடர் நகைகளில் காலங்காலமாகச் சோழி தொங்குகிறதே?" என்று அக்கா கேட்டாள். அவை சின்னஞ்சிறு சோழிகள். அணிபவர்களோடு வெளியே போய்க் காற்றாடி வருபவை. பூட்டிய பெட்டிக்குள் கிடப்பவற்றின் கதை வேறு.

பொடி கண்டால் வெறும் தண்ணீரில் ஊறவைத்து, தண்ணீரைப் பலமுறை மாற்றி, நிழலில் நன்றாக உலர்த்த வேண்டும். வெயிலில் காயவைத்தால் புள்ளிகளின் நிறம் வெளுக்கும். உயரம் கூடக் கூடப் புற ஊதாக் கதிர்களும் கூடும். பிறகு கண்ணாடி பாட்டிலிலோ இரும்பு பீரோவிலோ வைக்கலாம். அரித்துப்போன பளபளப்பு மட்டும் திரும்பாது.

திரும்ப வரவழைக்க வார்னிஷ் பூசுகிறவர்கள் உண்டு. உயிரோடிருக்கும்போது இந்த நத்தை தன் சதைப்போர்வையால் ஓட்டை மூடிக்கொள்கிறது. அந்தப் போர்வை படியவைத்த மெருகுதான் நாம் காணும் மினுக்கு. அதை எந்த டப்பாவிலும் விற்பதில்லை.

பெயரைப் பார்த்து வரிகளைத் தேடவும் வேண்டாம். 1758இல் உயிரினங்களுக்கு அறிவியல் பெயர் சூட்டிய லின்னேயஸ் இதற்கு 'டைக்ரிஸ்' (புலி) என்று பெயரிட்டாலும் உடம்பெல்லாம் புள்ளிதான். சிறுத்தையையும் நாம் சிறுத்தைப்புலி என்பதால் தமிழில் பெயர் எப்படியோ பொருந்திவிடுகிறது. வாங்கும்போது கவனிக்க வேண்டியது வேறு: இதன் உறவான சைப்ரேயா மாப்பா, தடித்த பெரிய சங்கான காசிஸ் கார்னூட்டா போன்றவை வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப் பட்டியலில் உள்ளவை. கடைக்காரர் "எல்லோரும் வாங்குகிறார்கள்" என்றாலும் கையில் எடுக்காதீர்கள்.

என் சோழி இப்போது பீரோவுக்குள், ஒரு கண்ணாடி பாட்டிலில் இருக்கிறது. முதுகில் உள்ளங்கை ரேகைபோல ஒரு மங்கல். ஷோகேஸில் பொம்மை மட்டும் தனியாகத் தலையாட்டிக்கொண்டிருக்கிறது.