ஏகாதசி விரதம்: மறுநாள் காலையில் நடக்கும் தவறுகள்

ஏகாதசியன்று பட்டினி இருந்து கூடலழகரைச் சேவித்துவிட்டால் விரதம் முடிந்தது என்று மதுரையில் பலர் நினைக்கிறார்கள். மறுநாள் துவாதசியில் பாரணை செய்தால்தான், அதாவது முறைப்படி சாப்பிட்டு விரதத்தை முடித்தால்தான், அது நிறைவேறும். தவறுகள் அதிகம் நடப்பதும் அப்போதுதான். சிலர் விடிந்ததுமே காபி குடித்துவிடுகிறார்கள். சிலர் வேலையெல்லாம் முடித்துவிட்டு மதியம் சாப்பிட உட்காருகிறார்கள். துவாதசியின் முதல் கால் பங்கு ஹரிவாசரம். அது கழியும் முன் சாப்பிடக் கூடாது. துவாதசி போன பிறகும் கூடாது. சில மாதங்களில் அந்தத் திதி காலையிலேயே முடிந்துவிடும். அதனால் முதல் நாளே பஞ்சாங்கம் பார்த்துவிடுங்கள்.

பாகவதத்தில் அம்பரீஷன் என்ற அரசன் பட்ட சங்கடமும் இதுதான். ஓராண்டு விரதம் முடித்துப் பாரணைக்கு உட்காரும் நேரத்தில் துர்வாச முனிவர் விருந்தாளியாக வந்தார். நீராட யமுனைக்குப் போனவர் திரும்பவில்லை. துவாதசியோ முடியப் போகிறது. விருந்தாளிக்கு முன்னால் சாப்பிடுவதும் குற்றம், பாரணை தவறுவதும் குற்றம். பெரியவர்களைக் கேட்டு, தண்ணீர் மட்டும் குடித்தான். அதற்கே சீறிய முனிவர் ஒரு பூதத்தை ஏவினார். பெருமாளின் சக்கரம் அதை எரித்துவிட்டு அவரையே துரத்தியது. பிரம்மா, சிவன், பெருமாள் என எல்லோரும் கைவிரிக்க, கடைசியில் அம்பரீஷன் காலிலேயே வந்து விழுந்தார். முனிவர் ஓடித் திரும்பி வரும்வரை, ஓராண்டாக, அரசன் தண்ணீரைத் தவிர எதுவும் தொடவில்லை! ஒத்தக்கடைக்குப் பக்கத்தில் திருமோகூரில் அந்தச் சக்கரத்தின் உருவாக 16 கைகளோடு நிற்கும் சக்கரத்தாழ்வாரைச் சேவிக்கப் போனால், பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லுங்கள். விரத நாளில் பசி வேகத்தில் வீட்டாரிடம் எரிந்து விழுவது எவ்வளவு பெரிய தவறு என்பதும் இதிலேயே இருக்கிறது.

அப்புறம் சாப்பாடு. ஏகாதசியன்று சோறுதானே கூடாது என்று இட்லி, தோசை சாப்பிடுகிறார்கள். அதுவும் அரிசிதான். முழுப் பட்டினி முடியாதவர்கள் பால், பழம் எடுத்துக்கொள்ளலாம். அதில் குறையே இல்லை. சர்க்கரைக்கு மாத்திரை போடுகிறவர்கள் டாக்டரைக் கேட்காமல் பட்டினி கிடக்க வேண்டாம். துவாதசியில் துளசி பறிக்கக் கூடாது என்பதால் முன்னதாகவே பறித்து வையுங்கள்.

பாரணைக்கு அகத்திக்கீரை, நெல்லிக்காய், சுண்டைக்காய் சேர்ப்பது வழக்கம். ஆனால் அகத்தி மருந்தை முறிக்கும் என்பார்கள். நாட்டு மருந்து சாப்பிடுகிறவர்கள் கீரையை விட்டுவிட்டு நெல்லிக்காயோடு நிறுத்திக்கொள்ளலாம்.