பல்கலைக்கழகப் பணி நியமனத் தீர்ப்பு நிறைவேறவில்லையா? நீதிமன்ற அவமதிப்பு மனு போடும் முன்

முதலில் தீர்ப்பின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். ‘நியமிக்க வேண்டும்’ என்றிருந்தால் வழக்கு வலுவானது. ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று மட்டும் இருந்தால், பல்கலைக்கழகம் பரிசீலித்து நிராகரித்தாலே உத்தரவு பெரும்பாலும் நிறைவேறியதாகிவிடும். அந்த நிராகரிப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் புதிய ரிட் மனு (பொது அமைப்பின் முடிவை எதிர்த்துப் போடும் மனு) போடுவதுதான் வழி. பலர் சறுக்குவது இங்கேதான். தீர்ப்பில் இல்லாத முன்தேதிப் பணிமூப்பையோ சம்பள பாக்கியையோ அவமதிப்பு மனுவில் கேட்டாலும் கிடைக்காது.

தீர்ப்பின் சான்றிட்ட நகலைக் கடிதத்துடன் பல்கலைக்கழகப் பதிவாளருக்கு ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அந்த ஒப்புகை இல்லாவிட்டால் ‘உத்தரவு கைக்கு வரவில்லை’ என்பார்கள். தீர்ப்பில் சொன்ன கெடு முடிந்ததும் வக்கீல் நோட்டீஸ் அனுப்புவது நல்லது.

1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவுப்படி, அவமதிப்பு நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட வேண்டும். நினைவூட்டல் கடிதங்கள் அந்தக் காலத்தை நீட்டாது. இது உரிமையியல் அவமதிப்பு, அதாவது நீதிமன்ற உத்தரவை வேண்டுமென்றே மீறுவது. அதனால் அரசின் தலைமை வழக்கறிஞரின் இசைவு தேவையில்லை. எதிர்மனுதாரராகப் பொறுப்பிலுள்ள அதிகாரியைப் பெயரிட்டுச் சேர்த்துவிடுங்கள், பதவிப் பெயர் மட்டும் போதாது.

‘மேல்முறையீடு செய்திருக்கிறோம்’ என்பது வழக்கமான பதில். தடையுத்தரவு இல்லாத மேல்முறையீடு சாக்காகாது. தண்டனை உச்சம் 6 மாத வெறுங்காவல் (கடும் உழைப்பில்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அதிகாரியை நீதிமன்றம் நேரில் ஆஜராகச் சொன்னதுமே நியமன ஆணை வந்துவிடுவதும் உண்டு.