ஆன்லைன் படிப்பு மண்டையில் நிற்கிறதா? கணக்குப் போட்டுப் பார்க்கும் முறை

தொண்டி, தேவிபட்டினம், மண்டபம், பாம்பன், கீழக்கரை, ஏர்வாடி என்று ராமநாதபுரம் கடலோரத்தில் டிஎன்பிஎஸ்சிக்கோ நீட்டுக்கோ மத்திய அரசின் ஆன்லைன் தளமான ஸ்வயம் பாடத்துக்கோ தயாராகும் பிள்ளைகளுக்குப் பாதிப் படிப்பு இப்போது போனில்தான். கோச்சிங்குக்காக ராமநாதபுரத்துக்கோ மதுரைக்கோ தினமும் பஸ் ஏற முடியாதவர்களுக்கு இது நல்ல வழி. ஆனால் "இன்றைக்கு ஆறு மணி நேரம் படித்தேன்" என்று சொல்லும்போது, ஆறு மணி நேரம் வீடியோ ஓடியது என்பது மட்டும்தான் உறுதி. எவ்வளவு நின்றது என்பதைத் தனியாக அளக்க வேண்டும்.

அதற்கு ஒரே ஒரு எண் போதும். பாடம் படித்து ஏழு நாள் கழித்து, எதையும் பார்க்காமல் எத்தனை கேள்விக்குச் சரியாக விடை சொல்ல முடிகிறது? அந்த எண்ணிக்கையை, அந்தப் பாடத்துக்குச் செலவான மொத்த மணி நேரத்தால் வகுங்கள். கிடைப்பதுதான் உங்கள் படிப்பின் திறன்.

ஏன் ஏழு நாள்? படித்த அன்றே பார்த்தால் எல்லோருக்கும் நன்றாகத்தான் தெரியும். 2006இல் அமெரிக்காவில் ரோடிகர், கார்ப்பிக்கி என்ற இரு உளவியலாளர்கள் இதைச் சோதித்தார்கள். ஒரு குழு பாடத்தை மறுபடி மறுபடி படித்தது. இன்னொரு குழு ஒரு தரம் படித்துவிட்டு, நினைவிலிருந்து எழுதிப் பார்த்தது. ஐந்து நிமிடம் கழித்து வைத்த சோதனையில் மறுபடி படித்தவர்களுக்கே அதிக மதிப்பெண். ஒரு வாரம் கழித்து வைத்ததில் எழுதிப் பார்த்தவர்கள் முந்திவிட்டார்கள். "நல்லா புரிஞ்சுது" என்ற அன்றைய திருப்தியை நம்பக் கூடாது என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

நோட்டில் எழுத வேண்டியவை

ஒரு சாதாரண நோட்டு எடுத்துக்கொள்ளுங்கள். நேரம் பார்க்க, வீட்டில் கிடக்கும் பழைய பட்டன் போனின் ஸ்டாப்வாட்ச்சே சிறந்தது. படிக்கும் போனிலேயே நேரம் பார்த்தால் வாட்ஸ்அப் கண்ணில் படும். ஒவ்வொரு பாடத்துக்கும் ஒரு வரி: தேதி, பாடம், எந்த நேரம் (அதிகாலை, பகல், இரவு), உட்கார்ந்த நேரம், படித்த நேரம், அன்றைய மதிப்பெண், ஏழாம் நாள் மதிப்பெண்.

உட்கார்ந்த நேரம் என்பது நோட்டைத் திறந்ததிலிருந்து மூடும் வரை. படித்த நேரம் என்பது ஸ்டாப்வாட்ச் ஓடிய நேரம். வீடியோ சுற்றிக்கொண்டே நின்றாலும், அம்மா கூப்பிட்டு எழுந்து போனாலும், வேறு வீடியோ தேடினாலும் நிறுத்திவிட வேண்டும். முதல் வாரம் படிக்கும் முறையில் எதையும் மாற்றாதீர்கள். இப்போது எங்கே நிற்கிறோம் என்று தெரியாமல் முன்னேற்றத்தைக் கணக்கிட முடியாது.

கேள்வி தயாரிப்பதில்தான் எல்லாம் இருக்கிறது

அளவு சரியாக வருவதும் வராததும் கேள்வியைப் பொறுத்தது. சுமார் 40 நிமிடப் பாடத்துக்கு 30 கேள்வி வேண்டும். முடிந்தவரை பழைய வினாத்தாளிலிருந்தும் பாடப்புத்தகத்தின் பின்பக்கத்திலிருந்தும் எடுங்கள். நாமே தயாரித்தால் நமக்குத் தெரிந்ததைத்தான் கேட்போம். நண்பர் ஒருவரும் அதே பாடத்தைப் படிக்கிறார் என்றால் கேள்வித்தாளை மாற்றிக்கொள்வது இன்னும் நல்லது.

நம் கடலையே எடுத்துக்கொள்வோம். "மன்னார் வளைகுடா பற்றி எழுதுக" என்று வைத்தால் அதற்கு மதிப்பெண் போட முடியாது. ஒவ்வொரு கேள்விக்கும் ஒரே விடை இருக்கும்படி உடைக்க வேண்டும். கடல்சார் தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்ட ஆண்டு? 1986. அதில் எத்தனை தீவுகள்? 21. உயிர்க்கோளக் காப்பகமாக அறிவிக்கப்பட்ட ஆண்டு? 1989. காப்பகத்தின் பரப்பு? 10,500 சதுர கிலோமீட்டர். இவற்றோடு ஒரு 'ஏன்' கேள்வியும் கட்டாயம்: பூங்கா சுமார் 560 சதுர கிலோமீட்டர்தான், காப்பகம் 10,500, ஏன் இவ்வளவு வித்தியாசம்? பூங்கா உள்மையப் பகுதி, காப்பகம் என்பது அதைச் சுற்றியுள்ள கடலையும் கரையையும் சேர்த்தது என்று சொல்ல வர வேண்டும். கடைசியாக, குழப்பிவிடும் கேள்வி ஒன்று: 2022இல் அறிவிக்கப்பட்ட கடற்பசுப் பாதுகாப்பகம் எங்கே இருக்கிறது, பரப்பு எவ்வளவு? மன்னார் வளைகுடா என்று எழுதினால் தவறு. அது பாக் விரிகுடாவில், தஞ்சாவூர், புதுக்கோட்டை கடலோரத்தில், 448 சதுர கிலோமீட்டர்.

இப்படிப்பட்ட பாடத்தில் நம் ஊர்ப் பிள்ளைகள் வழுக்குவதற்குக் காரணம் உண்டு. தினமும் பார்க்கும் கடல் என்பதால் தெரியும் என்று நினைத்து வேகமாகத் தள்ளிவிடுவார்கள். பழக்கம் வேறு, தேர்வில் எடுத்துச் சொல்லும் அறிவு வேறு.

கேள்விகளை எழுதியதும் குலுக்கி இரண்டாகப் பிரியுங்கள். பத்து கேள்வி படித்த அன்றைக்கு. மீதி இருபது ஏழாம் நாள் வரை கண்ணில் படவே கூடாது. ஒரே கேள்வியை இரண்டு நாளும் கேட்டால், முதல் சோதனையே ஒரு படிப்பாகிவிடும். ஏழாம் நாள் கிடைக்கும் மதிப்பெண் பாடத்தைக் காட்டாது, அந்தக் கேள்வியை ஏற்கெனவே பார்த்த பலனைத்தான் காட்டும். பலர் கோட்டை விடும் இடம் இது.

கணக்கு

38 நிமிட வீடியோ ஒன்று. உட்கார்ந்த நேரம் 90 நிமிடம், படித்த நேரம் 62 நிமிடம். ஏழாம் நாள் 20க்கு 12 சரி. 90 நிமிடம் என்பது ஒன்றரை மணி நேரம், 12ஐ 1.5ஆல் வகுத்தால் 8. அதாவது மணிக்கு 8 விடை. 62ஐ 90ஆல் வகுத்தால் கவன அளவு 69 சதவீதம். அடுத்த வாரம் அதே ஆசிரியரின் அதே நீளப் பாடத்தில் 75 நிமிடம் உட்கார்ந்து 15 விடை நின்றது என்றால் மணிக்கு 12. மீள்பார்வை செய்திருந்தால் அந்த நிமிடங்களையும் மொத்தத்தில் சேர்க்க வேண்டும். விட்டுவிட்டால் கணக்கு பொய்யாகிவிடும்.

இரண்டு எச்சரிக்கை. வரலாற்றையும் கணக்கையும் ஒப்பிடாதீர்கள். ஒரு பாடத்தை அதே பாடத்தோடு மட்டும். அடுத்து, 20 கேள்வியில் 12க்கும் 14க்கும் உள்ள வித்தியாசம் அதிர்ஷ்டமாகவும் இருக்கலாம். நான்கு பாடங்களைச் சேர்த்து 80 கேள்வியாக்கிப் பார்த்த பிறகே "இந்த முறை மேல்" என்று முடிவு கட்டுங்கள். மணிக்கு எவ்வளவு என்ற எண் ஏறி, சரியான விடை 70 சதவீதத்துக்குக் கீழே இறங்கினால் அது முன்னேற்றம் ஆகாது. அவசரம் என்று அர்த்தம்.

ஸ்வயம் பாடமோ, ஐஐடிகள் நடத்தும் என்பிடெல் பாடமோ படிப்பவர்களுக்குத் தனியாக ஒன்று. அசைன்மென்ட் மதிப்பெண்ணைத் திறன் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். வீடியோவைத் திருப்பிப் பார்த்தும் அதை எழுதலாம் என்பதால் நினைவை அது சோதிப்பதில்லை. என்பிடெல் பாடத்தில் அசைன்மென்ட்டுக்கு 25, நேரில் எழுதும் தேர்வுக்கு 75. சான்றிதழுக்கு 25க்கு 10, 75க்கு 30 என்று இரண்டிலும் தனித்தனியாகத் தேற வேண்டும். அசைன்மென்ட்டில் முழு மதிப்பெண் வாங்கித் தேர்வில் சறுக்குவது இதனால்தான்.

எண் குறைவாக வந்தால் எங்கே ஓட்டை?

கவன அளவு 70 சதவீதத்துக்குக் கீழே என்றால் சிக்கல் பாடத்தில் இல்லை. இடம், சிக்னல், போன் மூன்றில் ஒன்று. கடலோரத்தில் இதற்கு முதல் மருந்து முன்கூட்டியே டவுன்லோடு செய்வது. நெட் வேகமாக இருக்கும் நேரத்தில், பெரும்பாலும் அதிகாலையில், அன்றைய பாடத்தை இறக்கிவையுங்கள். என்பிடெல் தளத்தில் வீடியோவோடு எழுத்து வடிவமும் கிடைக்கிறது. பிறகு போனை ஃபிளைட் மோடில் போட்டுப் படியுங்கள். வீடியோ சுற்றாது, மெசேஜும் வராது. வேறு எந்த மாற்றத்தையும்விட இது ஒன்றே கவன அளவை அதிகம் உயர்த்தும் என்பது எங்கள் கருத்து. கரும்பலகைப் பாடத்துக்கு வீடியோவின் தரம் 360 போதும். சின்ன எழுத்தில் கணக்குப் போடும் ஆசிரியர் என்றால் 480 வையுங்கள். அதற்கு மேல் வைத்தால் டேட்டாதான் கரையும். தனுஷ்கோடிப் பக்கம் சில இடங்களில் போன் இலங்கை நெட்வொர்க்கைப் பிடித்துக்கொள்ளும். டேட்டா ரோமிங்கை அணைத்து, நெட்வொர்க்கைத் தானாகத் தேட விடாமல் உங்கள் கம்பெனியையே தேர்ந்தெடுத்து வையுங்கள்.

வீட்டுச் சூழலுக்கும் நோட்டில் உள்ள 'எந்த நேரம்' பதில் சொல்லும். விசைப்படகு போகும் நாளும் நாட்டுப்படகு போகும் நாளும் மாறி மாறி வரும் வீடுகளில் எல்லா நாளும் ஒரே டைம்டேபிள் எடுபடாது. படகு கரைக்கு வரும் காலையில் மீன் பிரிப்பதும் ஏலமும் கணக்கும் என்று வீடு விழித்திருக்கும். கடலுக்குப் போன இரவு அமைதியாக இருக்கும். இரண்டு வார நோட்டைப் பார்த்து, எந்த நாளில் எந்த நேரத்துக்கு எண் அதிகம் என்று கண்டுபிடித்து, கடினமான பாடத்தை அங்கே வையுங்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடைக்காலம். அப்பா, அண்ணன் எல்லோரும் வீட்டில், டிவி ஓடும். நீட் வழக்கமாக மே தொடக்கத்தில் வந்துவிடும். அந்த இரண்டு மாதத்துக்கு நூலகமோ, பள்ளிக்கூட வராந்தாவோ, உறவினர் வீட்டு மாடியோ மார்ச்சிலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள். பராமரிப்புக்காகக் கரண்ட் நிறுத்தும் நாளை ஏழாம் நாள் சோதனைகளுக்கு ஒதுக்குங்கள். அதற்குப் பேப்பரும் பேனாவும் போதும்.

கவன அளவு நன்றாக இருந்தும் அன்றைய மதிப்பெண்ணே குறைவு என்றால், புரியவில்லை என்று அர்த்தம். வேகத்தை 1.5லிருந்து 1க்குக் குறையுங்கள். அப்போதும் வராவிட்டால் முந்தைய வகுப்புப் பாடம் விட்டுப்போயிருக்கும். பதினொன்றாம் வகுப்பு இயற்பியல் பிடிபடாதவர்களுக்குப் பெரும்பாலும் இடிப்பது கணக்குதான். ஆங்கில வீடியோ என்றால், அதே தலைப்பைச் சமச்சீர் தமிழ்ப் புத்தகத்தில் முதலில் பத்து நிமிடம் வாசித்துவிட்டுப் பாருங்கள்.

வீடியோவைப் பார்க்கும் விதத்திலும் ஒரு மாற்றம் வேண்டும். ஆறு முதல் எட்டு நிமிடத்துக்கு ஒருமுறை நிறுத்துங்கள். நோட்டை மூடிவிட்டு, ஆசிரியர் சொன்னதை ஒரு தாளில் நினைவிலிருந்து எழுதுங்கள், இரண்டு நிமிடம். பிறகு திருப்பிப் பார்த்து விட்டதை வேறு நிறத்தில் சேருங்கள். போர்டில் இருப்பதை அப்படியே பார்த்து எழுதும் அழகான நோட்டு பெரிதாகப் பயன் தராது. கை எழுதும், மனம் எங்கோ இருக்கும்.

அன்றைக்கு நன்றாக இருந்து ஏழாம் நாள் சரிந்தால், மீள்பார்வை இல்லை. மறுநாள், மூன்றாம் நாள், ஏழாம் நாள், இருபத்தோராம் நாள் என்று வையுங்கள். ஒவ்வொன்றும் எட்டு நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். புத்தகத்தைப் புரட்டாமல், முதல் நாள் கேள்விகளையும் நினைவிலிருந்து எழுதிய தாளையும் வைத்து விடை சொல்லிப் பாருங்கள். ஒதுக்கிவைத்த இருபதைத் தொடாதீர்கள். அட்டையில் எழுதிப் பெட்டியில் போடலாம்: சரியாகச் சொன்ன அட்டை அடுத்த அறைக்கு, தவறியது முதல் அறைக்கு. 1970களில் ஜெர்மானியர் லைட்னர் பரப்பிய முறை இது. ஆண்ட்ராய்டு போன் என்றால் இதே வேலையைச் செய்யும் ஆன்கிடிராய்டு ஆப் இலவசம், நெட் இல்லாமலும் ஓடும். அதில் ஒரு நாளைக்கு 20 புதிய அட்டை என்று முதலிலேயே அமைந்திருக்கும். 8 அல்லது 10 ஆகக் குறைத்துவிடுங்கள். தினம் 10 புதியது சேர்த்தாலே சில வாரத்தில் ஒரு நாள் மீள்பார்வை எழுபது அட்டையைத் தொடலாம். ஆர்வத்தில் 40, 50 என்று சேர்ப்பவர்கள் இரண்டாம் மாதத்தில் மூச்சுமுட்டி விட்டுவிடுகிறார்கள்.

எல்லாம் சரியாக இருந்தும் மாதிரித் தேர்வில் மட்டும் மதிப்பெண் வராவிட்டால் நேரத்தைப் பாருங்கள். டிஎன்பிஎஸ்சி குரூப் 4இல் 200 கேள்விக்கு 3 மணி நேரம், ஒரு கேள்விக்கு 54 விநாடி. அதில் ஓஎம்ஆர் விடைத்தாளில் கட்டத்தை நிரப்பும் நேரமும் அடக்கம். தமிழ்ப் பகுதியை 35 நிமிடத்துக்குள் முடித்தால்தான் கணக்குப் பகுதிக்கு மூச்சு விட நேரம் கிடைக்கும்.

இவற்றில் ஒன்றை மட்டும் மாற்றி, இரண்டு வாரம் நோட்டில் எழுதிப் பார்த்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள். மூன்றை ஒன்றாக மாற்றினால் எது வேலை செய்தது என்று தெரியாது. நோட்டு எழுத ஒரு நாளைக்கு ஐந்து நிமிடத்துக்கு மேல் பிடித்தால் ஏழாம் நாள் மதிப்பெண்ணையும் உட்கார்ந்த நேரத்தையும் மட்டும் வைத்துக்கொண்டு மற்றவற்றை விட்டுவிடலாம். தேர்வுக்கு ஒரு மாதம் இருக்கும்போது இந்தக் கணக்கையே நிறுத்திவிட்டு, வாரம் இரண்டு முழு மாதிரித் தேர்வு எழுதுங்கள். தேர்வு காலையில் என்றால் காலையில், அதே நேரத்தில், ஓஎம்ஆர் தாளோடு.