டெக்சாஸில் சால்வேஜ் கார் டைட்டில்: சிக்கல் கதவில் இருந்தது

பழுதுபார்த்த காருக்குப் புது டைட்டில் (உரிமைப் பத்திரம்) கேட்டு நான் கொடுத்த விண்ணப்பத்தை, இரண்டு வாரம் அலைந்த பிறகு நேற்றுத்தான் அலுவலகத்தில் வாங்கிக்கொண்டார்கள். மனம் லேசாகிவிட்டது.

ஏலத்தில் எடுத்த கார். காப்பீட்டு நிறுவனம் கைகழுவியதால் சால்வேஜ் டைட்டில், அதாவது பெரிய சேதமடைந்த வண்டி என்று குறிக்கும் பத்திரம். பழைய உதிரிபாகக் கிடங்கில் வாங்கிய கதவைப் பொருத்தி ஓடும் நிலைக்குக் கொண்டுவந்துவிட்டேன். டைட்டிலுக்கு விண்ணப்பிக்கும் 130-யூ படிவம், என்னென்ன மாற்றினோம் என்று விளக்கும் விடிஆர்-61, வழக்கமான கட்டணத்தோடு 65 டாலர் கூடுதல் என எல்லாம் கொண்டுபோனேன். பாகங்களின் விவரம் சரியில்லை என்று திருப்பிவிட்டார்கள். ரசீது போதவில்லை போலும் என்று பெயின்ட் பில்வரை சேர்த்தேன். பட்டறைக்காரரிடம் கடிதமும் வாங்கினேன். இரண்டுமே வீண்.

மாற்றிய பாகம் எந்த வண்டியிலிருந்து கழற்றப்பட்டதோ, அதன் 17 இலக்க வின் எண்ணை (எழுத்தும் எண்ணும் கலந்த வண்டி அடையாள எண்) விடிஆர்-61இல் எழுத வேண்டும். கிடங்குக்காரர் ரசீதில் கையால் கிறுக்கியிருந்ததை அப்படியே எழுதியிருந்தேன். அதில் ஓர் ஆங்கில 'ஓ'. வின் எண்ணில் ஐ, ஓ, கியூ மூன்றும் வரவே வராது. 1, 0 ஆகியவற்றோடு குழம்பும் என்பதால் விலக்கியிருக்கிறார்கள். பூஜ்யமாகத்தான் இருக்கும் என்று திருத்திக் கொடுத்தேன். அதுவும் திரும்பியது.

கடைசியில் கதவைத் திறந்து, கீல் பக்கத்து கிரீஸைத் துணியால் துடைத்தேன். கட்டைவிரல் அகலத்தில் ஒரு ஸ்டிக்கர், அதில் அந்த வின் எண். நான் பூஜ்யம் என்று எழுதிய இடத்தில் இருந்தது பூஜ்யமல்ல, ஆங்கில 'டி' (D).

புதுப் படிவத்தில் அந்த எண்ணை எழுதி, ஸ்டிக்கரின் படத்தையும் இணைத்தேன். பத்தே நிமிடத்தில் வேலை முடிந்தது.